அல்டோவின் ஒளியும் வறியோர் வாழ்வும்

வறுமையைக் காட்டும் கலை அழகாய் இருத்தல் தகுமா? இரண்டாம் உலகப் போரின் பின்னர் இத்தாலியிலே தோன்றிய புதுயதார்த்தத் திரைப்படங்களை ஆராய்வோர் இவ்வினாவைத் தவிர்த்தல் இயலாது. அதற்குச் சொல்லாலன்றி ஒளியால் விடைகண்டவர் ஜீ. ஆர். அல்டோ என்னும் ஒளிப்பதிவாளர்.

அல்டோ கிராசியாத்தி என்பது அவரது இயற்பெயர். 1905ஆம் ஆண்டில் வெனிஸ் நகரை அடுத்த ஸ்கோர்சேயிற் பிறந்த அவர், இளமையிலேயே பிரான்சு சென்று, திரைப்படங்களுக்கு நிழற்படம் எடுப்பவராகப் பெயர் பெற்றார். ஒரு சட்டகத்துள்ளே முழுச் செய்தியையும் அடக்கும் ஆற்றல் அத்தொழிலால் வாய்த்தது எனலாம்.

விஸ்கொன்ரி நெறிப்படுத்திய 'நிலம் நடுங்குகிறது' (1948) சிசிலித் தீவின் அச்சி திரெஸா என்னும் கடலோர ஊரில், அவ்வூர் மக்களையே கொண்டு எடுக்கப்பட்டது. அண்மையிலுள்ள முகமும் தொலைவிலுள்ள கடலும் அதில் ஒருங்கே தெளிவுறுகின்றன. வீட்டை ஈடுவைத்துத் தமக்கெனப் படகு கொண்ட குடும்பம், புயலாற் படகையும் பின்னர் வீட்டையும் இழக்கிறது. மனிதனை வீட்டினின்றும் கடலினின்றும் பிரித்துக் காண ஒளிப்பதிவு இடந்தரவில்லை; ஆழமே ஈண்டுப் பொருளாகின்றது. எனினும், கரும்போர்வை போர்த்துப் பாறைமேற் காத்துநிற்கும் பெண்கள் சிலைகளாய்த் தோன்றுகையில், அழகு துயரை முந்திவிட்டது என்னும் குறையை முற்றாக மறுத்தல் அரிது.

அக்குறைக்கு அவரது பிந்திய படைப்புக்களே மறுமொழி. டி சிக்காவின் 'மிலானில் ஓர் அற்புதம்' (1951) என்னும் படத்தில், குளிரால் நடுங்கும் ஏழைகள் ஒரு கீற்று வெயிலை நாடி ஓடி நெருங்கி நிற்கின்றனர். அங்கே ஒளி அலங்காரமன்று. உணவுபோல் வேண்டப்படும் பொருள். 'உம்பேர்த்தோ டி' (1952) படத்திலோ, விடியற்பொழுதில் சமையலறையிற் கோப்பி அரைக்கும் கருவுற்ற பணிப்பெண், இருந்தவாறே காலை நீட்டிக் கதவைச் சாத்துகிறாள். அச்சிறு செயலின்மேல் ஒளி தன்னைக் காட்டாது படிகிறது. கலைஞன் தன் திறனை மறைக்கக் கற்ற இடம் இதுவே.

வண்ணப்படமான 'சென்சோ'வை எடுத்துக்கொண்டிருந்தபோது, 1953இல் மோட்டார் விபத்தொன்றில் அல்டோ மாண்டார். எஞ்சிய பணியை றொபேட் கிறாஸ்கர் முதலியோர் முடித்தனர். ஒளிப்பதிவாளராக அவர் விளங்கிய காலம் ஏறத்தாழ ஆறாண்டே. அழகு வறியோர்க்கு அணியாகும்போது பொய்க்கும். அவரைக் கூர்ந்து நோக்கும் கண்ணாகும்போது மெய்க்கும். அல்டோவின் படைப்புக்கள் உணர்த்தும் உண்மை இதுவே.