ஒளியும் மண்ணும்: பாலு மகேந்திராவின் ஒளிப்பதிவு பற்றிய ஒரு நோக்கு

நடிகரைப் பற்றியும் இயக்குநரைப் பற்றியும் பக்கம் பக்கமாக எழுதும் நமது திரைப்பட விமர்சனம், ஒளிப்பதிவாளரைப் பற்றிப் பேச நேரும்போது 'கண்ணுக்குக் குளிர்ச்சி' என்ற ஒரு தொடருடன் நின்றுவிடுகின்றது. கமெராவுக்குப் பின்னால் நிகழ்வது வெறும் தொழில்நுட்பக் காரியம், அதிற் கருத்து எதுவும் இல்லை என்ற எண்ணமே இதற்குக் காரணம் எனலாம். பாலு மகேந்திராவின் விடயத்தில் மட்டும் இந்த மௌனம் கலைந்துள்ளது. எனினும், அது கலைந்த விதம் கிழக்கு மாகாணத்தவராகிய நம்மைச் சற்று வழிதவறச் செய்திருக்கின்றது.

1939இல் மட்டக்களப்பை அடுத்த அமிர்தகழியிற் பிறந்தவர் அவர். ஆகவே வாவியின் மீது படும் ஒளியே அவரது கண்ணைப் பயிற்றியது என்று நம்மவர் மேடைகளிற் கூறுவதுண்டு. கேட்க இனிய கூற்றுத்தான். திருகோணமலையில் வாழ்வோருக்கு இதனைச் சோதித்துப் பார்ப்பது எளிது. நமது நகரம் இரு நீர்ப்பரப்புகளுக்கு இடையே கிடக்கும் ஒடுங்கிய நிலத்துண்டு. காலையில் திறந்த கடலின் மேலாகத் தடையின்றி வரும் வெயில் முகத்தில் அறையும். மாலையில் அதே சூரியன் உள்துறைமுகத்துக்கு அப்பாலுள்ள குன்றுகளுக்குப் பின்னால் இறங்க, நீரிற் பட்டு மெலிந்த ஒளி வீதியில் நிற்போரின் முகங்களைக் கடுநிழலின்றித் தொடும். வன்மையும் மென்மையுமாகிய இருவகை ஒளியும் நாள்தோறும் இலவசமாகக் கிடைக்கும் ஊர் இது. மண்ணே ஒளிப்பதிவாளனை ஆக்குமாயின், இந்நேரம் இங்கிருந்து ஒரு டசின் பேராவது புறப்பட்டிருக்க வேண்டும்!

அவரே கூறியது வேறு. பள்ளி மாணவனாக இருந்த காலத்தில், டேவிட் லீன் 'த பிரிட்ஜ் ஒன் த ரிவர் குவாய்' (1957) படத்தை இலங்கையில் எடுத்துக்கொண்டிருந்ததை நேரிற் கண்டார். 'மழை' என்று லீன் குரல் கொடுத்ததும் மழை பெய்தது. தாமும் அவ்வாறு மழையை வரவழைக்க வேண்டும் என்ற ஆசை பிறந்தது. பின்னர் புனே திரைப்படக் கல்லூரியில் இயக்கம் பயில விரும்பிச் சென்று, ஒளிப்பதிவுப் பிரிவில் இடம்பெற்று, 1969இல் தங்கப் பதக்கத்துடன் வெளியேறினார். ஆக, அவரது கண் பழக்கத்தினால் வந்தது. பிறப்பினால் வந்தது அன்று.

அந்தப் பழக்கத்தின் இயல்பை அறிய, அக்காலத்துச் சென்னை ஸ்டூடியோ முறையை நினைவுகூர வேண்டும். நாயகியின் முகத்துக்கு ஒரு விளக்கு, கூந்தல் மினுங்குவதற்குப் பின்னாலிருந்து ஒரு விளக்கு, எஞ்சிய நிழலைத் துடைக்க மற்றொன்று. நள்ளிரவுக் குடிசையிலும் முகம் பட்டப்பகலாக விளங்கும். இந்த ஒளிக்கு ஈடுகொடுக்கத் தடித்த பூச்சும் வேண்டியிருந்தது. வங்காளத்தில் சுப்ரதா மித்ரா 'அபராஜிதோ' (1956) படத்திலேயே இம்முறையை உடைத்துவிட்டார். அரங்கில் அமைத்த காசி வீட்டு முற்றத்தின் மேலே வெள்ளைத் துணியை விரித்து, அதில் விளக்கொளியைத் தெறிக்கச் செய்து, திறந்த வானத்தின் ஒளியை அங்கு உண்டாக்கினார். பாலு மகேந்திராவை அந்த மரபின் தென்னாட்டுக் கிளை என்று கொள்வதே பொருந்தும். 'இந்த அறைக்குள் ஒளி எவ்வழியால் வருகின்றது?' என்ற ஒரு வினாவை அவரது ஒளிப்பதிவு விடாது கேட்கின்றது. யன்னலால் வருகின்றதெனில் முகத்தின் ஒரு பாதி இருளிற் கிடக்கும். கிடக்கட்டும் என்று விட்டுவிடுவார்.

இதன் சமூக விளைவு அழகியல் விளைவினும் பெரிது. ஷோபாவும் அர்ச்சனாவும் தமது மாநிறத்துடனேயே திரையில் தோன்றினர். நம் வீடுகளிலுள்ள பெண்களின் நிறம், வெளுக்கப்படாமல், மன்னிப்புக் கேளாமல், கதாநாயகியின் நிறமாயிற்று. இன்றும் நமது திருமண வீடியோக்களில் மணமகளின் முகத்தை நோக்கி வெள்ளொளியைப் பாய்ச்சுவோர் இதனைச் சிந்திப்பதில்லை என்பது வேறு கதை.

அவரைப் பல்துறை வல்லுநர் என்போர் மொழிகளை எண்ணிக் காட்டுவர்: மலையாளத்தில் ராமு காரியாட்டின் 'நெல்லு' (1974), கன்னடத்தில் அவரே இயக்கிய 'கோகிலா' (1977), தமிழில் மகேந்திரனின் 'முள்ளும் மலரும்' (1978), தெலுங்கில் விஸ்வநாத்தின் 'சங்கராபரணம்' (1980), மீண்டும் கன்னடத்தில் மணிரத்தினத்தின் முதற்படமான 'பல்லவி அனுபல்லவி' (1983). கறுப்பு வெள்ளைப் படமான 'கோகிலா'வுக்கும் வண்ணப் படமான 'மூன்றாம் பிறை'க்கும் (1982) ஒளிப்பதிவுக்கான தேசிய விருது கிடைத்தது. ஆனால் மொழி மாறியபோதும் அவ்வினா மாறவில்லை என்பதே இங்கு மனங்கொள்ளத்தக்கது. 'மூன்றாம் பிறை'யின் இறுதிக் காட்சி கேத்தி புகையிரத நிலையத்திற் படமாகியபோது, திட்டமிடாத மழை வந்தது. அவர் நிறுத்தாமற் படமெடுத்தார். மழையை வரவழைக்க ஆசைப்பட்ட சிறுவன், வந்த மழையை ஏற்றுக்கொள்ளக் கற்றுவிட்டான்.

குறைகளும் உள. மலைநாட்டு மூடுபனி அவருக்கு ஒரு வாய்பாடாகிவிட்டது. சில இடங்களிற் கதையை மறந்து அட்டைப்படம் பார்க்கும் உணர்வே எழுகின்றது. பெண்ணின் நிறத்தைக் கௌரவித்த அதே கமெரா, 'மூன்றாம் பிறை'யின் நடனப் பாடலில் அவளது உடலைச் சந்தைக்கு வைக்கத் தயங்கவில்லை. 'நீங்கள் கேட்டவை' (1984) பற்றி, அதன் தலைப்பே போதிய விமர்சனமாதலால், நாம் எதுவும் சொல்ல வேண்டியதில்லை.

அவரது உண்மையான சாதனை மலையிலோ நீர்ப்பரப்பிலோ அன்றி, சிறிய வீட்டின் உள்ளேயே நிகழ்ந்தது என்பது எமது துணிபு. வாவிக் கொள்கை இவ்விடத்தில் முற்றாகத் தோற்றுவிடுகின்றது. 2000ஆம் ஆண்டளவில் சன் தொலைக்காட்சிக்காகச் சுஜாதா, மாலன் முதலிய பலரது சிறுகதைகளைக் 'கதை நேரம்' என்ற வரிசையில் அவர் படமாக்கினார். சின்னத்திரை இருளை ஏற்காது, ஆகவே எல்லாப் பக்கமும் ஒளியைக் கொட்ட வேண்டும் என்பது தொடர் நாடகக்காரரின் நம்பிக்கை. அவரோ நடுத்தர வர்க்கத்து அறைகளின் மங்கலை அப்படியே வைத்துக்கொண்டார். பெருந்திரையின் விரிவும் மூடுபனியும் பறிக்கப்பட்ட நிலையில், ஒரு யன்னலும் இரண்டு முகங்களுமே அவரிடம் எஞ்சின. அவை போதுமானவையாக இருந்தன. நமது தொலைக்காட்சி நாடகங்களை எடுப்போர் அவரது படங்களைவிட இவ்வரிசையையே முதலிற் கற்க வேண்டும், செலவும் குறைவு.

அவரது முழுநீளப் படங்களில் ஒன்றேனும் கிழக்கிலங்கையைக் கதைக்களமாகக் கொண்டதில்லை. இதனைக் குற்றமாகச் சுமத்துவது நியாயமன்று. ஆனால் அவரை நம் மண்ணின் ஒளி என்று கொண்டாடும் எவரும் இவ்வுண்மையை விழுங்கிவிட்டுத்தான் பேச வேண்டியிருக்கின்றது. இக்கரையின் ஒளி இன்னும் எடுபடாமலே கிடக்கின்றது.

2014இல் மறைந்த அவர், 'வீடு' (1988), 'சந்தியா ராகம்' (1989) ஆகியவற்றின் மூல நெகடிவ்கள் அழிந்துபோனமை பற்றித் தம் இறுதிக் காலத்தில் வருந்திக் கூறினார். ஒளிக்காகவே போற்றப்படும் ஒருவரின் ஒளியை இன்று நாம் மங்கிய பிரதிகளைக் கொண்டே மதிப்பிடுகின்றோம். 'வீடு' படத்தில், முதிய பாட்டனார் தனியே சென்று, கட்டி முடியாத வீட்டைச் சுற்றிப் பார்த்துச் சுவர்களைத் தடவி மகிழும் காட்சி ஒன்றுண்டு. ஒரு சொல்லும் இல்லை, இளையராஜாவின் இசை மட்டுமே. பிரதியில் நிறம் வெளிறிவிட்டது. நிழல்களின் நுண்மையும் போய்விட்டது. ஆயினும் கதவு பொருத்தாத வாசல்களால் ஒளி எப்பக்கமிருந்து அம்முதியவரின் மீது விழுகின்றது என்பதை இப்போதும் விரலாற் சுட்டிக் காட்டலாம்.