சிறுபொழுதும் திரைப்பொழுதும்: தமிழ்த் தொலைக்காட்சிக் காலைச் செய்தி நிகழ்ச்சிகளின் மறுவடிவம் – ஆரோவில், மரக்காணம் கடற்கரையை முன்வைத்து

ஆய்வுச் சுருக்கம்

தமிழ்த் தொலைக்காட்சியின் காலை நிகழ்ச்சிகள் கடந்த முப்பது ஆண்டுகளில் பலமுறை புதுப்பிக்கப்பட்டுள்ளன. பக்தி, குறள் விளக்கம், விருந்தினர் உரையாடல் ஆகியவை இணைந்த கதம்ப வடிவம் செய்தி அலைவரிசைகளின் விரைவுச் செய்தி வடிவத்திற்கு வழிவிட்டது. இம்மாற்றம் அரங்கையும் மொழியையும் மாற்றியதேயன்றி, யாருடைய காலைக்காக நிகழ்ச்சி அமைகிறது என்னும் அடிப்படை எண்ணத்தை மாற்றவில்லை என்பதை இக்கட்டுரை நிறுவ முயல்கிறது. தொல்காப்பியத்தின் சிறுபொழுதுக் கருத்து திறனாய்வுக் கருவியாகவும், ஆரோவில் முதல் மரக்காணம் வரையிலான உப்பளக் கடற்கரை பார்வைக் களமாகவும் கொள்ளப்படுகின்றன.

திறவுச்சொற்கள்: காலை நிகழ்ச்சி, சிறுபொழுது, நெய்தல், செய்தி அலைவரிசை, ஓடுவரி, மரக்காணம், ஆரோவில்

முன்னுரை

காலைச் செய்தி நிகழ்ச்சி உலகளவில் எழுபது ஆண்டு வரலாறு உடையது. அமெரிக்காவின் என்.பி.சி. நிறுவனம் 1952 ஜனவரி 14 அன்று ‘டுடே’ நிகழ்ச்சியைத் தொடங்கியது. பிரிட்டனில் பி.பி.சி. 1983 ஜனவரியில்தான் காலை நிகழ்ச்சிக்குள் நுழைந்தது. இவ்வகை நிகழ்ச்சிகள் அடிக்கடி புதுப்பிக்கப்படுபவை. சி.பி.எஸ். நிறுவனம் தன் காலை நிகழ்ச்சியைப் பலமுறை கலைத்துக் கட்டியது. 2012 ஜனவரியில் கேளிக்கையைக் குறைத்துச் செய்தியை முன்னிறுத்தும் புதிய வடிவத்தை அறிமுகப்படுத்தி, 2021இல் அதையும் மாற்றியது. பெயர், மேசை, தொகுப்பாளர், பேசும் தொனி ஆகிய அனைத்தும் மாறின. காலை ஏழு மணி என்னும் தொடக்கம் மட்டும் கேள்விக்கு உள்ளாகவில்லை.

தமிழ்ச் சூழலிலும் இதே போக்கைக் காணலாம். எனினும், தமிழ்க் காலை நிகழ்ச்சிகளின் உள்ளடக்கத்தை மதிப்பிடுவோர் அவற்றின் பொழுதை இயல்பான ஒன்றாகவே எடுத்துக்கொள்கின்றனர். அப்பொழுது இயல்பானதன்று, ஒரு தேர்வு என்பதே இக்கட்டுரையின் கருதுகோள்.

சிறுபொழுது என்னும் கருவி

தொல்காப்பியம் ஒரு நாளின் பொழுதுகளை நிலத்தோடு பொருத்திக் காட்டுகிறது. முல்லைக்கு மாலையும், குறிஞ்சிக்கு யாமமும், மருதத்திற்கு வைகறையும் விடியலும், நெய்தலுக்கு எற்பாடும், பாலைக்கு நண்பகலும் உரியன. இப்பகுப்பு அகப்பாடலின் உணர்வுச் சூழலுக்கானது. தொழில் நேர அட்டவணையன்று. ஆயினும் பொழுது எல்லா நிலத்தார்க்கும் ஒன்றுபோல் அமைவதில்லை என்னும் அடிப்படைத் தெளிவு அதில் உண்டு. பொழுதைச் சொல்லும்போது யாருடைய நிலத்துப் பொழுது என்ற வினா அம்மரபில் உடன்வருகிறது. தொலைக்காட்சித் திறனாய்வு கைவிட்ட வினா இதுவே.

தொலைக்காட்சி கருதும் காலை, எழுந்து, குளித்து, பள்ளிக்கும் அலுவலகத்திற்கும் புறப்படும் குடும்பத்தின் காலை. வீட்டில் ஒருவர் சமைக்க, ஒருவர் நாளிதழ் பார்க்க, பின்னணியில் தொலைக்காட்சி ஓடும் அந்த ஆறு முதல் ஒன்பது மணி வரையிலான நேரமே நிகழ்ச்சியின் இலக்கு. மரக்காணத்தில் அந்நேரத்திற்கு வேறு பொருள் உண்டு. ஏறத்தாழ 3000 ஏக்கர் பரப்புள்ள அங்குள்ள உப்பளங்களில் வேலை விடியலுக்கு முன்பே தொடங்கிவிடுகிறது. வெயில் ஏறியபின் உப்புப் பாத்தியின் வெண்மை கண்ணைக் கூசச் செய்யும். வெப்பமும் தாங்க இயலாது. எனவே இருள் பிரியும் முன் பாத்தியில் இறங்கி, வெயில் முற்றும் முன் உப்பை வாரிக் கரையேற்றுவர். கடலுக்குச் செல்லும் மீனவரின் நாளும் அத்தகையதே. தலைப்புச் செய்தி வாசிக்கப்படும் வேளையில் இவர்களின் வேலைநாளில் ஒரு பகுதி கழிந்திருக்கும்.

வடிவ மாற்றத்தின் மூன்று கட்டங்கள்

தமிழர்களின் காலைச் செய்திப் பழக்கம் வானொலியில் உருவானது. தில்லியிலிருந்து காலை 7.15 மணிக்கு ஒலித்த ஆகாசவாணித் தமிழ்ச் செய்தியும், சரோஜ் நாராயணசுவாமி போன்றோரின் குரலும் ஒரு தலைமுறையின் கடிகாரமாக இருந்தன. வானொலிக்கு ஒரு சிறப்பு உண்டு. அது செவியை மட்டுமே கேட்கிறது. கைகளையும் கண்களையும் வேலைக்கு விட்டுவிடுகிறது. பாத்தி ஓரத்திலும் படகிலும் அதைக் கேட்க முடியும். மீனவர்க்கான வானிலை எச்சரிக்கை வானொலியில் நிலையான இடம் பெற்றதற்கு இதுவும் ஒரு காரணம் எனலாம்.

சென்னைத் தொலைக்காட்சி நிலையம் 1975இல் தொடங்கப்பட்டது. தூர்தர்ஷனின் காலை ஒளிபரப்பு 1987இல் வந்தது. இது முதற்கட்டம். ‘வயலும் வாழ்வும்’ போன்ற நிகழ்ச்சி, உழவருக்கென்று தனிப் பொழுதை ஒதுக்கலாம் என்பதை இக்காலத் தொலைக்காட்சியும் அறிந்திருந்தது என்பதற்குச் சான்று.

இரண்டாம் கட்டம் தனியார் அலைவரிசைகளோடு தொடங்கியது. 1993இல் தோன்றிய சன் தொலைக்காட்சியின் ‘வணக்கம் தமிழகம்’, பின்னர் வந்த ஜெயா தொலைக்காட்சியின் ‘காலை மலர்’ ஆகியவை இக்கட்டத்தின் முன்மாதிரிகள். விருந்தினரோடு நிதானமாக உரையாடல், சாலமன் பாப்பையாவின் திருக்குறள் விளக்கம், நாள் பலன், பக்திப் பாடல் என இக்காலைகள் ஒரு கதம்பமாக அமைந்தன. இவற்றை வெறும் கேளிக்கை என ஒதுக்குவது பொருந்தாது. ஒரு மருத்துவரோ கல்வியாளரோ இடையீடின்றித் தம் துறையைப் பற்றிப் பேச இடம் அளித்தவை இவையே. ஆனால் ‘தமிழகம்’ என்று ஒட்டுமொத்தமாக விளித்த இக்குரல், அத்தமிழகத்தை ஒரே வரவேற்பறையாகவே கற்பனை செய்தது.

மூன்றாம் கட்டம் செய்தி அலைவரிசைகளுடையது. 2000இல் சன் நியூஸ், 2011 ஆகஸ்டில் புதிய தலைமுறை, 2012இல் தந்தி, 2014இல் நியூஸ் 7 எனச் செய்திக்கான அலைவரிசைகள் பெருகியபோது, காலைச் செய்தி பொது அலைவரிசையிலிருந்து இடம்பெயர்ந்தது. விருந்தினர் நாற்காலி சுருங்கி, விரைவுச் செய்திகளும் நேரலை இணைப்புகளும் பெருகின. புதிய தலைமுறையின் ‘புதுப்புது அர்த்தங்கள்’ போன்ற நாளிதழ் அலசல்கள் பழைய உரையாடல் மரபைச் செய்தித் தளத்தில் காத்தன. இது மறுவடிவத்தின் நல்ல பேறு. 2024 ஜனவரி 19 அன்று பொதிகை, ‘டிடி தமிழ்’ என்னும் புதுப்பெயரோடும் புதுத் தோற்றத்தோடும் தொடங்கி வைக்கப்பட்டது இத்தொடரில் அண்மைய நிகழ்வு.

இம்மூன்று கட்டங்களிலும் அரங்கம் மாறியது. வாசிப்பின் வேகம் மாறியது. நெறியாளரின் நிற்கும் நிலைகூட மாறியது. பார்வையாளர் வீட்டில் அமர்ந்திருக்கிறார் என்னும் முன்முடிவு மாறவில்லை.

ஒரு கடற்கரை, இரண்டு வைகறைகள்

இம்முன்முடிவின் விளைவை ஆரோவில், மரக்காணம் ஆகிய இரு பெயர்களும் செய்தியில் பெறும் இடத்தைக் கொண்டு அளக்கலாம். 1968 பிப்ரவரி 28 அன்று நிறுவப்பட்ட ஆரோவில்லில், ஆண்டுதோறும் அந்நாளின் வைகறையில் மாத்ரி மந்திரை அடுத்த திறந்தவெளி அரங்கில் தீ மூட்டிக் கூட்டுத் தியானம் நடைபெறுகிறது. ‘ஆரோவில் உதய தினம்’ என்ற பெயரில் இது செய்தியாகிறது. பொற்கோளமும் தீயும் அமைதியாக அமர்ந்த பன்னாட்டவரும் காட்சி ஊடகத்திற்கு உகந்தவை என்பதில் ஐயமில்லை.

அதே பிப்ரவரியில், கிழக்குக் கடற்கரைச் சாலையில் ஒரு மணி நேரத்திற்கும் குறைவான பயணத் தொலைவில், உப்புப் பருவம் தொடங்கியிருக்கும். அங்கும் வைகறையில் மனிதர்கள் கூடுகின்றனர்; நாள்தோறும் கூடுகின்றனர். நாள்தோறும் நிகழ்வதாலேயே அது செய்தியாவதில்லை. ஆண்டுக்கு ஒருமுறை வரும் வைகறை காட்சியாகிறது. அன்றாட வைகறை திரைக்கு வெளியே நிற்கிறது. இவ்வேறுபாட்டிற்கு ஆரோவில் பொறுப்பன்று. காலை நிகழ்ச்சி உழைப்பைப் பின்னணியாகவும் சடங்கை நிகழ்வாகவும் பிரித்தறியும் பழக்கமே பொறுப்பு.

மரக்காணம் தலைப்புச் செய்தியான நாட்களை நினைவுகூர்ந்தால் இது மேலும் தெளிவாகும். 2013 ஏப்ரலில் வன்முறை, 2023 மே மாதத்தில் எக்கியார்குப்பம் கள்ளச்சாராய மரணங்கள், இடையிடையே புயல்கள். சங்க இலக்கியத்தின் எயிற்பட்டினம் என ஆய்வாளர் பலரால் அடையாளம் காணப்படும் தொன்மையான ஊர், திரையில் விபத்தின் முகவரியாக மட்டுமே அறியப்படுகிறது. பருவம் எப்படி இருக்கிறது, உப்பு விலை என்ன, மழைக்காலத்தில் வேலையிழக்கும் உப்பளத் தொழிலாளர்க்கு அரசு அறிவித்த 5000 ரூபாய் நிவாரணம் எப்போது கிடைக்கும் என்பன காலை நிகழ்ச்சியின் பொருளாவது அரிது. அதே நிகழ்ச்சிகளில் தங்கத்தின் விலை நாள்தோறும் சொல்லப்படுகிறது.

புயற்காலைகள்: செய்தியின் பொருளும் செய்தியின் பார்வையாளரும்

காலைச் செய்தி நிகழ்ச்சி தன் முழு ஆற்றலையும் வெளிப்படுத்துவது புயல் நாளில்தான். தானே புயல் 2011 டிசம்பர் 30 அன்று காலையில், ஏறத்தாழ 6.30 மணிக்கும் 7.30 மணிக்கும் இடையில், கடலூருக்கும் புதுச்சேரிக்கும் நடுவே கரையைக் கடந்தது. தமிழ்க் காலை நிகழ்ச்சிகளின் உச்ச நேரம் அது. நிவர் புயல் 2020 நவம்பர் 25 நள்ளிரவை ஒட்டி மரக்காணம் அருகே கரையைக் கடந்தது. 2024 நவம்பர் 30 இரவு ஃபெஞ்சல் புயல் புதுச்சேரி அருகே கரையைக் கடக்க, விழுப்புரம் மாவட்டத்தின் மயிலத்தில் ஏறத்தாழ 50 செ.மீ. மழை பதிவாயிற்று. இக்காலைகளில் இக்கடற்கரையே செய்தி.

புயல் நெருங்கும்போது மின்சாரம் முன்னெச்சரிக்கையாக நிறுத்தப்படுவதும், பின்னர்க் கம்பங்கள் சாய்வதும் இப்பகுதியினர் அறிந்தவை. தானே புயலுக்குப் பின் கடலூர் மாவட்டச் சிற்றூர்கள் பல நெடுநாள் இருளில் இருந்தன. ஆகவே, தம் ஊர் முழுநேரமும் திரையில் இருந்த காலைகளில் அத்திரையைக் காண ஊராரால் இயலவில்லை. செய்தி அவர்களைப் பற்றியது, அவர்களுக்கானதன்று. நெறியாளரின் மொழியும் இதை வெளிப்படுத்துகிறது. “அங்கே இப்போது நிலைமை என்ன?” என்று அரங்கிலிருந்து செய்தியாளரைக் கேட்கும் வழக்கமான வினாவில் ‘அங்கே’ என்பது கடற்கரை, ‘இங்கே’ என்பது சென்னை. பார்வையாளரும் இங்கேதான் இருக்கிறார் என்பது அவ்வினாவின் உட்பொருள். கரையோரத்தார் கேட்க வேண்டிய வினாவோ வேறு: எந்தச் சாலை திறந்திருக்கிறது, எந்தப் பள்ளியில் முகாம், நீர் எப்போது வடியும்?

ஓடுவரி என்னும் எளிய சீர்திருத்தம்

மறுவடிவத்தின் உண்மையான பயனை அரங்கிலன்றித் திரையின் அடிப்பகுதியில் தேடவேண்டும். மழைக்காலக் காலையில் ஓடுவரியில் வரும் பள்ளி விடுமுறை அறிவிப்பு ஒன்றே மாவட்டங்களைப் பெயர் சொல்லி அழைக்கிறது. ஆரோவில் பகுதியினர் இதன் அருமையை நன்கு அறிவர். ஆரோவில்லின் பெரும்பகுதி விழுப்புரம் மாவட்டத்தில் அமைய, அண்டை நகரமான புதுச்சேரி வேறோர் ஆட்சிப் பகுதி. விழுப்புரத்தில் விடுமுறையை ஆட்சியர் அறிவிக்க, புதுச்சேரியில் அவ்வரசு தனியே அறிவிக்கிறது. ஒரே வீட்டுப் பிள்ளைகள் எல்லையின் இருபுறமும் படிக்கும்போது, இரு அறிவிப்புகளும் தேவைப்படுகின்றன. தொகுப்பாளர்கள் மாநிலத்தைப் பேசிக்கொண்டிருக்க, ஓடுவரி ஊரைப் பேசுகிறது. செய்தி அலைவரிசைகள் தந்த மிகப் பயனுள்ள மாற்றம், யாரும் மறுவடிவம் எனப் பெயரிடாத இவ்வோடுவரியே.

மறுப்புகள்

இவ்வாதத்திற்கு இரு மறுப்புகள் எழலாம். முதலாவது, தொலைக்காட்சி வணிக நிறுவனம். பார்வையாளர் மிகுந்த நேரத்தையே நாடும் என்பது. இது காரணத்தை விளக்குகிறது, விளைவை நியாயப்படுத்தவில்லை. பார்வையாளர் எண்ணிக்கை, தொலைக்காட்சிக்கு முன் இருப்போரை மட்டுமே எண்ணுகிறது. இராதவர்க்கு நிகழ்ச்சி இல்லை. நிகழ்ச்சி இன்மையால் அவர் பார்ப்பதுமில்லை. வட்டம் இவ்வாறு முழுமையடைகிறது. பொது ஒளிபரப்பான டிடி தமிழுக்கோ இச்சமாதானமும் பொருந்தாது.

இரண்டாவது, கைபேசி நேரத் தடையை நீக்கிவிட்டது என்பது. காலை நிகழ்ச்சி இன்று துண்டுகளாக இணையத்தில் கிடைக்கிறது. உப்பளத்திலிருந்து திரும்பியபின் பார்க்கலாம். பொழுது விடுதலை பெற்றது உண்மை. ஆனால் அத்துண்டுகள் வீட்டில் அமர்ந்திருப்பவரை எண்ணி உருவாக்கிய நிகழ்ச்சியிலிருந்தே வெட்டப்படுகின்றன. பார்க்கும் நேரம் மாறியதால், சொல்லப்பட்ட பொருள் மாறிவிடுவதில்லை.

முடிவுரை

தமிழ்க் காலைச் செய்தி நிகழ்ச்சிகளின் மறுவடிவம் பல நன்மைகளைத் தந்துள்ளது. நாளிதழ் அலசலும் நேரலையும் ஓடுவரியும் அவற்றுள் அடங்கும். நிதானமான விருந்தினர் உரையாடலின் தேய்வு ஓர் இழப்பு. இரண்டுக்கும் மேலாக, ‘காலை’ என்பது யாருடையது என்னும் வினா ஒவ்வொரு மறுவடிவத்திலும் தவிர்க்கப்பட்டுள்ளது.

நெய்தலுக்கு எற்பாட்டை வகுத்த மரபு இங்கு நடைமுறை வழியொன்றையும் சுட்டுகிறது. கடற்கரைத் தொழிலாளர் வீட்டிலிருக்கும் பொழுது, பொழுது சாயும் வேளை. மறுநாள் வைகறைக்கு வேண்டிய காற்று, மழை, கடல்நிலை, நிவாரணம் பற்றிய செய்திகள் அவர்களுக்கு முந்தைய மாலையிலேயே தேவை. ‘வயலும் வாழ்வும்’ உழவருக்குச் செய்ததை உப்பளத்தார்க்கும் மீனவர்க்கும் செய்யும் ஒரு மாலைநேரக் ‘காலைச் செய்தி’யை டிடி தமிழ் போன்ற பொது ஒளிபரப்பு தொடங்க இயலும். அதற்குப் புதிய அரங்கம் தேவையில்லை. உப்பு வாருபவரும் ஒரு நேயர் என்று கருதினால் போதும்.