முக்கால்வாசி கறுப்பு

புகைப்படக்காரர் சால் லைட்டர் 1957இல் எடுத்த ஒரு வண்ணப்படத்தில் பெரும்பகுதி வெறும் இருட்டு. மேலே ஒன்றும் கீழே ஒன்றுமாகப் பலகைகள், நடுவே கிடைமட்டமாக ஓர் இடுக்கு. அதற்குள்தான் நியூயார்க் தெரு: ஒரு கார், நடந்துபோகும் ஆட்கள், அவ்வளவே. பெருநகரத்தின் அமைதியான கணங்களைப் பிடித்தவர் என்று அவரைப் பாராட்டுவது வழக்கம். பாதிதான் உண்மை. ஐம்பதுகளின் மன்ஹாட்டனில் அமைதி தெருவில் கிடக்கவில்லை. எதை மறைப்பது என்று தேர்ந்து அவரே அதை உண்டாக்கினார். ஆவி படிந்த கண்ணாடி, பனிப்பொழிவு, முன்னால் குறுக்கிடும் ஒரு தோள், எல்லாமே அவருக்குத் திரைகள். 1958இல் எடுத்த ஒரு படத்தில் கறுத்த கித்தான் மறைப்பு மேற்பகுதி முழுவதையும் விழுங்கிவிடுகிறது; அடியில் மிஞ்சிய கொஞ்சம் இடத்தில், கொட்டும் பனியில், மனிதர்கள் பொடிப்பொடியாக நடக்கிறார்கள். ஓவியராகும் ஆசையில் 1946இல் நியூயார்க் வந்தவர் அவர். வெற்றிடத்துக்கும் எடை உண்டு என்பது ஓவியருக்குத் தெரியும். இன்னொரு புகைப்படக்காரரான வில்லியம் கிளைனின் நியூயார்க் படப்புத்தகம் 1956இல் வந்தது. அதில் முகங்கள் நம்மேல் வந்து மோதுகின்றன. ஊர் ஒன்றுதான், கிளைன் நெருங்கிப் போனார், லைட்டர் ஒதுங்கி நின்றார்.

இதெல்லாம் ஃபேஷன் படக்காரரின் பளபளப்புதானே என்று கேட்பவர்கள் உண்டு. ‘ஹார்பர்ஸ் பஜார்’ இதழுக்கு அவர் படமெடுத்தது உண்மை. ஆனால் அந்த வேலை ஐம்பதுகளின் பிற்பகுதியில்தான் வந்தது. தெருவை வண்ணத்தில் எடுக்க ஆரம்பித்தது 1948இல். தவிர, விளம்பரம் சரக்கைக் காட்டியாக வேண்டும். 1950 வாக்கில் உயரத்திலிருந்து எடுத்த படத்தில், பனியில் நடப்பவரைச் சிவப்புக் குடை மூடிவிடுகிறது. அந்தப் படத்தை வைத்து எந்தக் கடைக்காரர் எதை விற்பார்?

வலுவான ஆட்சேபம் வேறு. அந்நகரின் வறுமையும் நிறவெறியும் இங்கே எங்கே? இல்லை. வாடகைக்குத் திண்டாடியவர்களின் கதையை இந்தப் படங்களில் தேடினால் ஏமாற்றம்தான். அதற்கு வேறு புகைப்படக்காரர்களிடம் போக வேண்டும். ஆனால், முன்பின் அறியாதவர்களின் வாழ்க்கை தனக்குத் தெரியும் என்று லைட்டர் பாவனை செய்யவில்லை. 1954இல் எடுத்த ரயில் படத்தில் அவர் காட்டுவது இருக்கையில் போட்ட ஒரு காலை மட்டுமே. சக பயணியைப் பற்றி நகரவாசிக்கு உண்மையாகவே தெரிவது அந்த அளவுதான். அதற்குமேல் சொல்லியிருந்தால் கதை கட்டியதாகியிருக்கும்.