சேட்டைன்னா இது சேட்டை!

சாப்ளினை நான் குறை சொல்லவில்லை. ஆனால் மௌனப்படக் காலத்தின் மகா போக்கிரி யார் என்று கேட்டால், தாதாசாகேப் பால்கேயின் மகள் மந்தாகினி என்றுதான் அடித்துச் சொல்வேன். ‘காளிய மர்தன்’, 1919. கண்ணனாக நடித்தபோது அவளுக்கு ஏழு வயது!

எங்கள் சடையங்குப்பத்து மொட்டைமாடியில் வெள்ளை வேட்டியைக் கட்டி, இரவல் புரொஜெக்டரில் தெருப் பிள்ளைகளுக்குப் போட்டேன். தொடக்கத்திலேயே பால்கே மகளின் முகத்தை மட்டும் காட்டி, பாவம் மாற்றி மாற்றி நடிக்க வைக்கிறார். அடடா, அந்தக் கண்கள்! அப்புறம் அதே குழந்தை கண்ணனாக வந்து நிற்கிறாள். “டேய், அது பொண்ணுடா!” என்று ஒரு வாண்டு கத்தினான். தன் முந்தைய படமான ‘ராஜா ஹரிச்சந்திரா’வில் ராணி வேஷத்துக்குப் பெண் கிடைக்காமல் சாலுங்கே என்ற ஆணுக்குச் சேலை கட்டிவிட்டவர் இதே பால்கேதான். ஆறே வருஷத்தில் கணக்கு நேராகிவிட்டது.

தண்ணீரை ஊற்றி அவமானப்படுத்திய பெண்ணைக் கண்ணன் கோஷ்டி சும்மா விடுமா? அவள் வீட்டு வெண்ணெய் காலி! இடையிடையே வந்த எழுத்தை ஒருத்தரும் படிக்கவில்லை. சிரிப்புக்கு அது தேவைப்படவும் இல்லை. நள்ளிரவில் பணக்கார வியாபாரியின் படுக்கையறைக்குள் நுழைந்து கண்ணன் பண்ணும் கூத்தை மட்டும் நான் சொல்லமாட்டேன். நீங்களே பாருங்கள்.

முன்னதாக லூமியர் சகோதரர்களின் 1895 குறும்படம் ஒன்றையும் ஓட்டினேன். ஒரு நிமிடம்கூட ஓடாது. தோட்டக்காரர் பிடித்திருக்கும் குழாயைப் பையன் மிதிக்க, தண்ணீர் நிற்கும். அவர் குழாய்க்குள் எட்டிப் பார்க்க, பையன் காலை எடுக்க, முகத்தில் பீய்ச்சும்! உலகத்தின் முதல் நகைச்சுவைப் படம் என்று அதைத்தான் சொல்கிறார்கள். பாவம், பையன் அடி வாங்குகிறான். நம் ஊர்க் கதையில் யசோதையிடம் புகார் போகும், அவ்வளவுதான். எனக்கு இதுதான் பிடித்திருக்கிறது.

கடைசியில், ஆற்றை விஷமாக்கும் காளியன் என்ற பாம்பை அடக்கக் கண்ணன் தண்ணீரில் குதித்ததும் பக்கத்து வீட்டு அக்கா, “நம்ம கொசஸ்தலை ஆத்துலயும் ஒருத்தன் குதிச்சா தேவலை” என்றார். மணலி ஆலைகளுக்குப் பக்கத்தில் குடியிருந்தால் வேறெப்படித் தோன்றும்?

படத்தின் பெரும்பகுதி புனே தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்தில் பிழைத்துக் கிடக்கிறது. இணையத்திலும் இலவசமாகக் கிடைக்கிறது. தனியாகப் பார்த்து வீணாக்காதீர்கள், தெருப் பிள்ளைகளைக் கூப்பிட்டு உட்கார வையுங்கள்.