ஜேப்படித் திருடனும் ஹோமரும்

'காசாப்ளாங்கா' (1942) படம் ஆரம்பித்த கொஞ்ச நேரத்திலேயே ஒரு குள்ளமான ஆள் வருவான். ஆங்கிலேயத் தம்பதியிடம் குனிந்து, இந்த ஊரெங்கும் பிணந்தின்னிக் கழுகுகள், ஜாக்கிரதையாக இருங்கள் என்று அக்கறையாகச் சொல்வான். சொல்லிக்கொண்டே கணவரின் பர்ஸை அடித்துவிடுவான். பிறகு ரிக்கின் விடுதியில் ஒருவர்மேல் லேசாக மோதுவான், அவர் பதறிப்போய்த் தன் பைகளைத் தடவிப் பார்ப்பார். அவ்ளோதான் வேஷம். படத்தைப் பத்து தடவை பார்த்தவர்களுக்கும் அந்த நடிகரின் பெயர் தெரிந்திருக்காது.

அவர் பெயர் குர்ட் போய்ஸ். 1901இல் பெர்லினில் பிறந்த யூதர். ஆறேழு வயதிலேயே நடிக்க வந்தவர், கடைசியாகப் பெரிய அளவில் கவனம் பெற்றது 1987இல். அதனால் அவரைப் பற்றிப் பேசுகிறவர்கள் உடனே "எண்பது வருஷ சினிமா வாழ்க்கை" என்ற சாதனைக் கணக்கைத்தான் எடுப்பார்கள். எனக்கு அந்தக் கணக்கில் பெரிய ஆர்வம் இல்லை. எண்பது வருஷம் என்று சொல்லும்போது, அது நடுவில் உடைந்த வாழ்க்கை என்பது மறைந்துபோகிறது.

உடைவதற்கு முன் எப்படி இருந்தார்? லூபிட்ஷின் மௌனப்படம் 'ஆய்ஸ்டர் பிரின்சஸ்' (1919) பாருங்கள். பதினெட்டு வயசுப் பையன் இசைக்குழுவின் நடத்துனராக நின்று, இடுப்பை ஆட்டி ஆட்டியே வாசிக்க வைக்கிறான். அவன் உடம்பே தாளம். 1927இல் 'டெர் ஃபுர்ஸ்ட் ஃபான் பாப்பன்ஹைம்' படத்தில் பெண் வேஷம் கட்டிச் சிரிக்க வைத்தார்.

ஹிட்லர் வந்ததும் ஜெர்மனியை விட்டு வெளியேறி, 1934இல் அமெரிக்கா போனார். ஆனால் அவருடைய முகம் அங்கேயே மாட்டிக்கொண்டது. 1940இல் நாஜிகள் எடுத்த 'நித்திய யூதன்' என்ற வெறுப்புப் பிரச்சாரப் படத்தில், அந்தப் பெண் வேஷக் காட்சியை வெட்டி ஒட்டினார்கள். பீட்டர் லோரேவின் 'எம்' படக் காட்சியும் அதில் உண்டு. நடிப்பை நடிகனின் இனத்துக்கு எதிரான சாட்சியமாக மாற்றிவிட்டார்கள். இரண்டே வருஷத்தில் அதே லோரேவும் போய்ஸும் 'காசாப்ளாங்கா'வில், அகதிகள் நிறைந்த ஊரில் அலைகிறார்கள். கழுகுகள் பற்றிய அந்த எச்சரிக்கை திருடனின் தந்திரம்தான், ஆனால் முழுக்க உண்மை. இது தெரிந்தபின் அந்தக் காட்சியில் என்னால் பழையபடி சிரிக்க முடிவதில்லை.

ஹாலிவுட் அவருக்குக் கொடுத்ததெல்லாம் ஏதோ ஒரு ஐரோப்பிய உச்சரிப்பு தேவைப்படும் சில்லறை வேஷங்கள். இன்னொரு அகதியான மாக்ஸ் ஓஃபுல்ஸ் எடுத்த 'காட்' (1949) படத்தில், பணக்காரனின் எடுபிடியாக எல்லோரையும் "டார்லிங்" என்று கூப்பிடும் ஃபிரான்ஸி மட்டும் கொஞ்சம் வளர்ந்த பாத்திரம். நகைச்சுவை நடிகனுக்குச் சொல் விழும் நொடி முக்கியம். அது தாய்மொழியில் தானாக வரும். அந்த மொழியைத் தேடியே 1950இல் கிழக்கு பெர்லினுக்குத் திரும்பினார் என்று நினைக்கிறேன். அங்கே பிரெக்ட்டின் புன்டிலாவாக மேடையிலும் பிறகு திரையிலும் நடித்தார், அப்புறம் மேற்கு பெர்லினுக்கு மாறி நாடகம், தொலைக்காட்சி என்று வேலை செய்தார். 1981இல் 'போட் இஸ் ஃபுல்' படத்தில் சுவிட்சர்லாந்தில் தஞ்சம் தேடும் முதிய யூத அகதி. நடிப்புக்கும் வாழ்க்கைக்கும் இடையே தூரமே இல்லை.

1987இல் விம் வெண்டர்ஸின் 'விங்ஸ் ஆஃப் டிசைர்'. ஹோமர் என்ற கிழவர், பெர்லின் சுவரை ஒட்டிய பொட்டலில் போட்ஸ்டாமர் சதுக்கத்தைத் தேடி அலைகிறார். தான் காபி குடித்த கடை எங்கே? ஒன்றுமே இல்லை, புல்லும் புழுதியும்தான். யாரோ தூக்கிப்போட்ட சோபாவில் உட்கார்ந்துகொள்கிறார். இந்தப் படத்துக்கு பீட்டர் ஹான்ட்கே எழுதிய வரிகள் பல இடங்களில் எனக்குக் கனமாகத்தான் இருக்கின்றன. மனிதகுலத்தின் கதைசொல்லி என்பதெல்லாம் காகிதத்தில் வெறும் கருத்து. போய்ஸின் மூச்சிரைப்புதான் அதற்கு உடம்பு கொடுக்கிறது, ஏனென்றால் தேடுகிற ஆள் அந்த ஊரிலேயே பிறந்தவர். பக்கத்தில் நடக்கும் தேவதை ஓட்டோ சான்டர். நிஜத்தில் அவரும் புரூனோ கான்ஸும் சேர்ந்து 1982இல் போய்ஸைப் பற்றி எடுத்த ஆவணப்படத்தின் தலைப்பு 'நினைவு'.

மூன்று படங்களையும் வரிசையாகப் பாருங்கள்: 1919, 1942, 1987. அந்த நடத்துனரின் துள்ளல் பொட்டலில் தடுமாறும் கால்களிலும் கொஞ்சம் மிச்சமிருக்கிறது. 1989இல் சுவர் விழுந்ததை அவர் பார்த்தார். 1991 கிறிஸ்துமஸ் அன்று பெர்லினில் இறந்தார். போட்ஸ்டாமர் சதுக்கம் அப்போதும் காலியிடமாகவே இருந்தது.