யாங் யோங்-ஹியின் ஆவணப்படங்கள்

யாங் யோங்-ஹி (பிறப்பு: 1964) ஜப்பானின் ஒசாகா நகரில் கொரியக் குடும்பமொன்றில் பிறந்த திரைப்பட இயக்குநர். தன் குடும்பத்தைப் படம்பிடித்ததன் வழியாக, போருக்குப் பிந்தைய ஜப்பானில் கொரியர்களின் நிலையைப் பதிவு செய்தவர். 'டியர் பியாங்யாங்' (2005), 'சோனா' (2009), 'சூப் அண்ட் ஐடியாலஜி' (2021) ஆகியவை இவருடைய ஆவணப்படங்கள்.

பின்னணி

ஜப்பானில் வாழ்ந்த கொரியர்கள் 1952-ல் ஜப்பானியக் குடியுரிமையை இழந்தனர். 1959-ல் ஜப்பான், வடகொரிய செஞ்சிலுவைச் சங்கங்கள் கல்கத்தாவில் ஓர் ஒப்பந்தம் செய்துகொண்டன. அதன்படி 1984 வரை ஏறத்தாழ 93,000 பேர் வடகொரியாவுக்குக் கப்பலேறினர். பெரும்பாலோரின் பூர்வீகம் கொரியாவின் தென்பகுதி. ஆகவே 'தாயகம் திரும்பியவர்கள்' என்று சொல்லப்பட்டவர்கள் போய் இறங்கியது, முன்பின் பார்த்திராத ஊரில்.

குமரி மாவட்ட வாசகர்களுக்கு இது புதிதல்ல. 1964-ன் சிறிமாவோ - சாஸ்திரி ஒப்பந்தத்தால் இலங்கையிலிருந்து வந்த மலையகத் தமிழர்களையும் 'தாயகம் திரும்பியோர்' என்றே அரசு அழைத்தது. பேச்சிப்பாறையை அடுத்த அரசு ரப்பர் தோட்டங்களில் பால்வெட்டும் வேலைக்கு வந்தவர்களில் அவர்களும் உண்டு. அவர்களின் எண்ணிக்கையை இரு பிரதமர்கள் பேசி முடிவு செய்தனர். கொரியர்களிடம் 'விரும்பினால் போகலாம்' என்று சொல்லப்பட்டது.

படங்கள்

யாங்கின் தந்தை வடகொரியாவை ஆதரித்த அமைப்பின் ஒசாகா தலைவர்களில் ஒருவர். தன் மூன்று மகன்களையும் 1970-களின் தொடக்கத்தில் பியாங்யாங்குக்கு அனுப்பினார். மகள் மட்டும் ஒசாகாவில் தங்கினாள். தாய் ஆண்டுக்கணக்கில் மருந்தும் பென்சிலும் பெட்டி பெட்டியாகக் கட்டி மகன்களுக்கு அனுப்பினார். முதல் படம் தந்தையிடம் மகள் கேட்கும் கேள்விகளால் ஆனது. அதன் இறுதிப் பகுதியில், மகன்களை அனுப்பியிருக்க வேண்டியதில்லை என்ற வருத்தத்தைத் தந்தை வெளிப்படுத்துகிறார். படம் வெளியானபின் யாங் வடகொரியாவுக்குள் நுழையத் தடை விதிக்கப்பட்டது. அண்ணன் மகளைப் பற்றிய 'சோனா' அடுத்து வந்தது.

மதிப்பீடு

முதல் படம் கேட்கும் கேள்விக்கு மூன்றாவது படமே விடை தருகிறது. ஜேஜு தீவைப் பூர்வீகமாகக் கொண்ட பெற்றோர் ஏன் வடகொரியாவை நம்பினார்கள்? 1948-ல் ஜேஜுவில் தென்கொரியப் படைகள் நடத்திய படுகொலைகளிலிருந்து தப்பி ஒசாகா வந்தவர் தாய். கோழிக்குள் பூண்டு நிறைத்துச் சூப் காய்ச்சும் அதே கைகளுக்குரியவர், முதுமையில்தான் அந்தக் கதையைச் சொல்லத் தொடங்குகிறார். அதற்குள் மறதி நோய் அவரைப் பிடித்துவிடுகிறது. மகள் தாயைப் புரிந்துகொள்ளும் நேரமும் தாய் எல்லாவற்றையும் மறக்கும் நேரமும் ஒன்றாகின்றன.

கொரியர்களை அனுப்பிவைப்பதில் ஜப்பானிய அரசுக்கு இருந்த அக்கறையை முதல் படம் போதிய அளவு ஆராயவில்லை. அதனால் பழி முழுவதும் தந்தையின் கொள்கைப்பற்றின் மீதே விழுகிறது. இந்தக் குறை இருந்தும், பெற்றோரைக் குற்றவாளிக் கூண்டில் ஏற்றாமல் அவர்களோடு சண்டையும் போட்டு, சேர்ந்து உண்ணவும் செய்யும் மகளின் பார்வை இப்படங்களை நம்பத்தக்க வரலாற்று ஆவணமாக்குகிறது.