சொல்லாமல் விட்டதால் யாருக்கு லாபம்? இன்றைய பிரிட்டிஷ், ஐரிஷ் எழுத்துக்கு ஓர் அளவுகோல்

2008 நவம்பரில் ஸேடி ஸ்மித் ‘நியூயார்க் ரிவ்யூ ஆஃப் புக்ஸ்’ இதழில் நாவலுக்கு முன்னால் இரண்டு பாதைகள் இருப்பதாக ஒரு கட்டுரை எழுதினார். ஜோசப் ஓநீலின் ‘நெதர்லாண்ட்’ ஒரு பாதை: மெருகேறிய நடை, உள்மனத்தைத் துருவும் யதார்த்தவாதம். டாம் மெக்கார்த்தியின் ‘ரிமெய்ண்டர்’ இன்னொரு பாதை: அந்த உள்மனம் என்பதையே நம்ப மறுக்கும் எழுத்து. அதன் பிறகு, பிரிட்டிஷ், ஐரிஷ் எழுத்தைப் பரிந்துரைக்க வருபவர் பலரும் புத்தகங்களை யதார்த்தம், சோதனை என்று இரண்டு அடுக்காகப் பிரித்து வைத்துவிடுகிறார்கள். பாடம் நடத்த இந்தப் பிரிவினை வசதியானது. எதை வாசிப்பது, வாசித்ததை எப்படி மதிப்பிடுவது என்று கேட்பவருக்கு இதனால் பயனில்லை. ஐரிஷ் எழுத்தாளர்களான கிளேர் கீகனையும் ஏமர் மெக்பிரைடையும் இது எதிரெதிர் முகாம்களில் நிறுத்துகிறது. இருவரும் ஒரே பிரச்சினையோடுதான் மல்லுக்கட்டுகிறார்கள் என்பது கண்ணுக்குத் தெரியாமல் போகிறது. ஒரு சமூகம் எதைப் பேசக்கூடாது என்று முடிவு செய்தது, அந்த மௌனத்தால் பிழைத்தவர் யார், அதற்கு விலை கொடுத்தவர் யார் என்பதே அந்தப் பிரச்சினை. இந்தக் கணக்கை எவ்வளவு துல்லியமாகப் போடுகிறது என்பதை வைத்து ஒரு நூலை எடைபோடலாம் என்பது என் வாதம்.

அயர்லாந்தில் மௌனம் என்பது வெறும் மனநிலை அல்ல. சட்டம் போட்டுக் காக்கப்பட்ட ஏற்பாடு. 1929-இல் நூல் தணிக்கைச் சட்டம் வந்தது. 1960-இல் வெளியான எட்னா ஓ’பிரையனின் ‘தி கண்ட்ரி கேர்ள்ஸ்’ தடைசெய்யப்பட்டது. ஜான் மெக்காஹெர்னின் ‘தி டார்க்’ 1965-இல் தடையானபோது, அவர் பார்த்துவந்த பள்ளி ஆசிரியர் வேலையும் பறிபோனது. தணிக்கை வாரியமும் திருச்சபையும் பள்ளி நிர்வாகமும் ஒரே கயிற்றைப் பிடித்திருந்த நாடு அது. மெக்காஹெர்ன் அதற்குப் பதிலாக உரத்துப் பேசும் எழுத்தை எழுதவில்லை. 1990-இல் வந்த ‘அமங்ஸ்ட் விமன்’ நாவலில் விடுதலைப் போரில் சண்டையிட்ட மோரன், தன் பண்ணை வீட்டில் மனைவியையும் பிள்ளைகளையும் இரவுதோறும் முழந்தாளிட்டு ஜெபமாலை சொல்லவைக்கிறான். போர்க்களத்தில் என்ன நடந்தது என்பது அந்த வீட்டில் அரிதாகவே பேச்சில் வரும். அவனுடைய கோபம் மட்டும் தினமும் சாப்பாட்டு மேசைக்கு வந்துவிடும். ஒரு தேசம் தன் பிறப்பைப் பற்றிப் பேசாமல் விட்டதற்கு அதன் பெண்கள் எப்படி வட்டி கட்டினார்கள் என்பதை இதைவிடச் சிக்கனமாகச் சொன்ன நாவல் அயர்லாந்தில் எனக்குத் தெரிந்து இல்லை.

இந்த மரபின் நேர் வாரிசு கிளேர் கீகன். 2021-இல் வெளியாகி அடுத்த ஆண்டு புக்கர் குறும்பட்டியலுக்கு வந்த ‘ஸ்மால் திங்ஸ் லைக் தீஸ்’ 120 பக்கத்துக்குள் முடிந்துவிடுகிறது. களம் நியூ ராஸ் ஊர், காலம் 1985 கிறிஸ்துமஸ். கரியும் விறகும் விற்கும் பில் ஃபர்லாங், சரக்கு இறக்கப் போன கன்னிமடத்தில், பூட்டிவைக்கப்பட்டிருக்கும் ஒரு பெண்ணைக் காண்கிறான். திருமணமாகாமல் கருவுற்ற பெண்களையும் ‘வழிதவறியவர்கள்’ என்று முத்திரை குத்தப்பட்ட மற்றவர்களையும் அடைத்துக் கூலியின்றித் துணி வெளுக்கவைத்த மக்தலேன் சலவைக்கூடங்களில் கடைசியானது 1996-இல்தான் மூடப்பட்டது. அரசு மன்னிப்புக் கேட்க 2013 வரை ஆயிற்று. ஆனால் கீகன் கொடுமையை விவரித்து நம்மை உலுக்கப் பார்ப்பதில்லை. மடம் ஃபர்லாங்கின் வாடிக்கையாளர். அவனுடைய மகள்கள் படிக்கும் பள்ளி கன்னியாஸ்திரீகளின் கையில். அவனுக்கு ஐந்து பெண்பிள்ளைகள். அவனும் மணமாகாத தாய்க்குப் பிறந்தவன். ஒரு புராட்டஸ்டன்ட் விதவையின் தயவால் அந்தத் தாய் மடத்துக்குப் போகாமல் தப்பியவள். ஊர் ஏன் வாய்மூடி இருக்கிறது என்பதற்கான முழு வரவுசெலவும் இந்தச் சில செய்திகளில் இருக்கிறது. கீகனைப் பற்றிப் பேசுவோர் அவருடைய அடக்கத்தைப் புகழ்கிறார்கள். நான் மெச்சுவது அந்தக் கணக்கை.

இப்போது எதிர் முகாம் என்று சொல்லப்படுவதைப் பார்க்கலாம். ஏமர் மெக்பிரைடின் ‘எ கேர்ள் இஸ் எ ஹாஃப்-ஃபார்ம்ட் திங்’ ஒன்பது ஆண்டுகள் பதிப்பாளர் இல்லாமல் கிடந்து, 2013-இல் நார்விச் நகரின் சிறு பதிப்பகமான கேலி பெக்கர் வழியாக வெளிவந்தது. முதல் கோல்ட்ஸ்மித்ஸ் பரிசு அதற்குத்தான். வாக்கியங்கள் பாதியிலேயே அறுந்து விழுகின்றன. இதை மொழி விளையாட்டு என்று சொல்பவர்கள், மாமன் முறையுள்ள ஒருவனால் சீரழிக்கப்படும் சிறுமிக்கு அதைச் சொல்லி முடிக்க முழு வாக்கியம் எங்கிருந்து கிடைக்கும் என்று யோசிப்பதில்லை. அன்னா பர்ன்ஸின் ‘மில்க்மேன்’ நேர்மாறாக நிற்காமல் பேசுகிறது. ஆனால் யாருக்கும் பெயர் கிடையாது. 1970-களின் பெயர் சொல்லப்படாத நகரில், ஆயுதக் குழுவைச் சேர்ந்தவன் ஒருவன் பதினெட்டு வயதுப் பெண்ணைப் பின்தொடர்கிறான். அவன் அவளைத் தொடுவதில்லை; எனவே நடந்ததாக எதையும் சொல்லிப் புகார் செய்ய அவளால் முடியவில்லை. ஊரோ நடக்காததையும் நடந்ததாகப் பேசி முடித்துவிட்டது. 2018-இல் புக்கர் வென்ற இந்நாவலைக் கடினமானது என்று தள்ளியவர்கள் நிறையப் பேர். முதல் முப்பது பக்கத்தை வாய்விட்டு வாசித்தால் அந்தக் கடினம் பெரும்பாலும் போய்விடும். இது காதால் வாசிக்க வேண்டிய நகைச்சுவை நாவல். மைக் மெக்கார்மக்கின் ‘சோலார் போன்ஸ்’ முழுக்க ஒரே வாக்கியம். மேயோ மாவட்டப் பொறியாளர் ஒருவர் நவம்பர் 2-ஆம் நாள், கல்லறைத் திருநாளன்று, வீட்டுச் சமையலறையில் உட்கார்ந்து நினைத்துப்பார்க்கிறார்: தரமில்லாத கட்டடத்துக்குக் கையெழுத்து கேட்டு நெருக்கும் அரசியல்வாதிகள், மனைவியைப் படுக்கையில் தள்ளிய மாசுபட்ட குடிநீர். அடக்கி எழுதுவதும் உடைத்து எழுதுவதும் ஒரே கேள்விக்கான இரு விடைகள் என்று நான் சொல்வது இதனால்தான்.

இங்கிலாந்தில் இந்தக் கணக்கு வேறு மாதிரி. அங்கே மௌனத்தைக் காத்தது தணிக்கை வாரியம் அல்ல, நயத்தக்க நாகரிகம். கஸுவோ இஷிகுரோவின் ‘தி ரிமெய்ன்ஸ் ஆஃப் தி டே’ 1989-இல் இதை உச்சத்துக்குக் கொண்டுபோனது. நாஜிகளோடு கைகோத்த பிரபுவுக்குக் குற்றேவல் செய்த ஸ்டீவன்ஸ், தன் கடமை உணர்வைப் பற்றிப் பேசிப் பேசியே தன் வாழ்க்கை பாழானதை மறைக்கிறார். ஸ்காட்லாந்தின் ஜேம்ஸ் கெல்மன் வேறு திசை: காவலர் அடியில் பார்வை இழந்த சாமி என்பவனின் மனத்தை அவர் ஒரு நாவலில் க்ளாஸ்கோ தெருப்பேச்சிலேயே எழுதினார். 1994-இல் அந்நாவலுக்குப் புக்கர் கிடைத்தபோது நடுவர்களில் ஒருவரே வெளிப்படையாக எதிர்த்தார். யார் பேச்சு நாவலுக்குள் வரலாம் என்பதற்கு எழுதப்படாத சட்டம் ஒன்று இருந்தது அப்போதுதான் பலருக்குத் தெரிந்தது. இந்த அளவுகோலில் இயன் மெக்யூவனின் ‘சாட்டர்டே’ தேறாது. ஈராக் போருக்கு எதிரான பேரணி நாளான 2003 பிப்ரவரி 15-இல் நடக்கும் அந்நாவலில், வீட்டுக்குள் புகுந்த முரடனை ஒரு விக்டோரியாக் காலக் கவிதை அடக்கிவிடுகிறது. மருத்துவரின் வசதியான வீடும் சதுக்கமும் எந்த மௌனத்தின் மேல் கட்டப்பட்டவை என்று ஆசிரியர் கேட்கவே இல்லை. வாக்கியங்கள் என்னவோ அழகாகத்தான் இருக்கின்றன.

பேரரசைப் பற்றிய மௌனம்தான் இங்கிலாந்தின் ஆகப் பெரியது. புக்கர் பரிசின் பெயரே கயானாவின் சர்க்கரைத் தோட்டங்களில் வளர்ந்த நிறுவனத்தினுடையது; 1972-இல் பரிசு பெற்ற ஜான் பெர்ஜர் அதைச் சொல்லிக்காட்டிப் பாதித் தொகையைக் கறுஞ்சிறுத்தைகள் இயக்கத்துக்குக் கொடுத்தார். இந்த இடத்தில் தமிழ் வாசகர் கட்டாயம் தேட வேண்டிய பெயர் அ. சிவானந்தன். 1958 கலவரத்துக்குப் பின் இலங்கையிலிருந்து லண்டன் போன அவர், இனஉறவு ஆய்வு நிறுவனத்தின் இயக்குநராகவும் ‘ரேஸ் அண்ட் கிளாஸ்’ இதழின் ஆசிரியராகவும் இருந்தவர். மூன்று தலைமுறையின் கதையான ‘வென் மெமரி டைஸ்’ 1997-இல் அவருடைய எழுபதுகளில் வந்தது. பிரிட்டிஷ் இலக்கியப் பட்டியல்களில் அதை அபூர்வமாகத்தான் காணமுடிகிறது.

இந்த அளவுகோல் இலக்கியத்தைச் சாட்சிக் கூண்டில் ஏற்றிவிடாதா என்று கேட்கலாம். ஏற்றாது. விசாரணைக் கமிஷன் அறிக்கையில் எல்லாத் தகவலும் இருக்கும்; பேசாதிருப்பது உள்ளே எப்படி இருக்கும் என்பது இருக்காது, அதை இலக்கியம்தான் தர முடியும். இரண்டாவது ஆட்சேபம் வலுவானது: அடக்கம் என்பதே இப்போது ஒரு பாணியாகிவிட்டது, மழையும் தேநீரும் அரை வாக்கியமும் போதும் என்றாகிவிட்டது. ஒப்புக்கொள்கிறேன். விடுபட்டது இன்னது என்று வாசகர் பக்கத்திலுள்ள பொருள்களைக் கொண்டு ஊகித்தறிய முடியாவிட்டால் அது மௌனமல்ல, வெறும் காலியிடம். ஸாலி ரூனியின் ‘நார்மல் பீப்பிள்’ மேல் இதே புகார் உண்டு; ஆனால் கானலின் தாய் மரியானின் வீட்டைத் துடைத்துக் கூலி வாங்குபவர் என்பது தொடக்கத்திலேயே வந்துவிடுகிறது, பள்ளியில் அவன் அவளைத் தெரியாததுபோல் நடப்பதற்குப் பின்னால் அந்தக் கூலியும் நிற்கிறது. பால் லிஞ்சின் ‘ப்ராஃபெட் சாங்’ பற்றித்தான் எனக்குத் தயக்கம். மூச்சுவிட விடாத நடை. ஆனால் அதில் வரும் கொடுங்கோல் அரசால் பயனடைந்தவர் யார் என்று தேடினால் கையில் எதுவும் சிக்குவதில்லை. பரிசுகளே தரத்தைத் தீர்மானிக்கின்றன என்ற மூன்றாவது ஆட்சேபத்துக்கு நீண்ட பதில் வேண்டாம்: அயர்லாந்தில் மட்டும் பதிப்பான நாவல்கள் 2018 வரை புக்கருக்குத் தகுதியே பெறவில்லை, டப்ளினின் ட்ராம்ப் பிரஸ் வெளியிட்ட ‘சோலார் போன்ஸ்’ பிரிட்டனில் மறுபதிப்பான பிறகே நெடும்பட்டியலில் வந்தது. எழுத்தாளர்களைக் கண்டெடுத்து வளர்த்தவை 1997-இல் தொடங்கப்பட்ட ‘தி ஸ்டிங்கிங் ஃப்ளை’ போன்ற சிற்றிதழ்களும் கலைக் கவுன்சிலின் பணமும்.

கட்டுரை இலக்கியத்தில் இந்த மரபு இன்னும் தைரியமானது. ஐரிஷ் கட்டுரையாளர் ஹ்யூபர்ட் பட்லர் 1952-இல் டப்ளின் கூட்டமொன்றில், போர்க்காலக் குரோஷியாவில் செர்பியர் கட்டாயமாகக் கத்தோலிக்கராக்கப்பட்டதைப் பேச எழுந்தார். போப்பின் தூதர் வெளிநடப்புச் செய்தார். பட்லர் உள்ளூரில் ஒதுக்கப்பட்டார், அவரே புத்துயிர் தந்த கில்கென்னி தொல்லியல் சங்கத்திலிருந்தும் விலக நேர்ந்தது. அவருடைய முதல் கட்டுரைத் தொகுப்பு வந்தது 1985-இல். அவர் பிறந்தது 1900-இல். எமிலி பைனின் ‘நோட்ஸ் டு செல்ஃப்’, டோரின் நீ க்ரீஃபாவின் ‘எ கோஸ்ட் இன் த த்ரோட்’ இரண்டும் பெண் உடலைப் பற்றிப் பேசாமல் விட்டதைப் பேசுகின்றன. பின்னது, 1773-இல் கொல்லப்பட்ட கணவனுக்காக ஐலீன் டவ் என்ற பெண் பாடிய ஐரிஷ் ஒப்பாரியைத் தேடிப் போகிறது; ஒப்பாரி வாய்வழியே தப்பிவிட்டது, பாடியவளின் வாழ்க்கை ஆவணங்களில் ஏறக்குறைய இல்லை. ஹிலரி மான்டெல் 2013-இல் அரச குடும்பத்துப் பெண்களின் உடலை நாடு எப்படிப் பயன்படுத்துகிறது என்று ‘லண்டன் ரிவ்யூ ஆஃப் புக்ஸ்’ சொற்பொழிவில் பேசியதற்குப் பிரதமரே மறுப்புச் சொன்னார். கேத்லீன் ஜேமியின் ‘ஃபைண்டிங்ஸ்’ அமைதியானது. ஆனால் ஆளில்லாத வனாந்தரம் என்று வர்ணிக்கப்படும் இடங்களில் யார் வாழ்ந்தார்கள் என்று கேட்காமல் அவர் நகர்வதில்லை.

இந்த அளவுகோலுக்கு அடங்காதவையும் உண்டு. கெவின் பாரியின் ‘சிட்டி ஆஃப் போஹேன்’ வசையும் தாளமுமாக மொழி போடும் ஆட்டம். அதில் மௌனத்தைத் தேடுவது வீண். டிம் ராபின்சனின் ‘ஸ்டோன்ஸ் ஆஃப் ஆரன்’ இரண்டு பாகம், ஒரு தீவைக் கல் கல்லாகச் சொல்லும் நூல். நில அளவைத் துறை சிதைத்த ஐரிஷ் இடப்பெயர்களை மீட்பது அதன் வேலைகளில் ஒன்று என்றாலும், அதை அந்தப் பொறுமைக்காகவே வாசிக்க வேண்டும். புதிதாகத் தொடங்குபவருக்கு என் வரிசை இது: முதலில் கீகன், உடனே ‘மில்க்மேன்’. இஷிகுரோவை முன்பே வாசித்தவர்கள் அவரை மறுபடி எடுத்து, பக்கத்தில் சிவானந்தனை வைத்துக்கொள்ளலாம். பட்லரின் கட்டுரைகளைத் தேடித்தான் பிடிக்க வேண்டும். டப்ளினின் லில்லிபுட் பிரஸ் அவற்றை வெளியிட்டது.